எந்தச் சேனலில் அபி?

சுண்டுவிரலைக் காதுக்குள் விட்டுக் குடைந்துகொண்டே தணிகாசலம் சொன்னார்.

"அந்தச் சேனலு நம்மகிட்ட கெடையாதும்மா."

குடைந்த விரலை வெளியே எடுத்து ஒருமுறை பார்த்தார். பிறகு நாற்காலிக் கையில் துடைத்தார். செல்வி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

நெல்லித்தோப்பில் பாதி வீடுகளுக்குக் கேபிள் கொடுப்பவர் அவளுடைய சித்தப்பா தணிகாசலம். அவருடைய கன்ட்ரோல் ரூமில் சின்னச் சின்ன டி.வி.க்கள் வரிசையாக ஓடிக்கொண்டிருந்தன. ஒன்றில் சாமியார் பேசினார். ஒன்றில் யாரோ வெங்காயம் நறுக்கினார்கள். எல்லாம் இருந்தது. இன்று மாலை நான்கு மணிக்குச் செல்வியின் தங்கை அபி ஹாக்கி ஆடப்போவதைக் காட்டுகிற சேனல் மட்டும் இல்லையாம்.

"போன மாசம் கிரிக்கெட்டுக்கு அதே சேனலதான சித்தப்பா போட்டீங்க?"

"அது கிரிக்கெட்டு. ஊரே கேட்டுச்சு, வச்சேன். முடிஞ்சிது, எடுத்துட்டேன். இதுக்கு இன்னும் சீசனே ஆரம்பிக்கலன்ற. முன்னாடி பழக்கத்துக்கு ஆடற ஆட்டம். இத எவன் பாப்பான்?"

"நாங்க பாப்போம்."

"பொட்டப் பசங்க முட்டிக்கு மேல பாவாடைய கட்டிக்கிட்டு ஓடறத வூட்ல குந்திப் பாக்கறதுக்கும் ஒரு மனசு வேணும்" என்று சிரித்தார் தணிகாசலம். "போ போ, எனக்கு வேல கெடக்குது."

செல்வி படி இறங்கினாள். முழுப்பெயர் செந்தமிழ்ச்செல்வி. பக்கத்து மேட்டுப்பாளையத்தில் ஒரு மாத்திரைக் கம்பெனியில் பேக்கிங் வேலை. இன்று ஞாயிற்றுக்கிழமை, விடுமுறை.

இதே பாவாடைப் பேச்சைத்தான் சித்தப்பா இரண்டு வருடத்துக்கு முன்னால், ஒரு காதுகுத்துப் பந்தியில், சொந்தக்காரர்கள் அத்தனை பேர் முன்னிலையிலும் பேசினார். அன்றைக்கு அபி இலையில் கை வைக்காமல் எழுந்தாள். மறுநாளே பையைத் தூக்கிக்கொண்டு சென்னை விளையாட்டு விடுதிக்குப் போய்விட்டாள். அப்பா ராஜாங்கம் ஒரு வருடம் அவளோடு பேசவில்லை. இந்தப் பொங்கலுக்குத்தான் போனில் "சாப்ட்டியா" என்று கேட்க ஆரம்பித்திருந்தார்.

இப்போது அபி ஒரு லீக் அணியில் ஃபார்வர்டு. சீசனுக்கு முந்தைய ஆட்டங்களையும் டி.வி.யில் காட்டுகிறார்கள் என்று நேற்று போனில் கத்திச் சொன்னாள். "அக்கா, எல்லாரும் பாருங்க! அப்பாவ ஒக்கார வச்சிப் பாருங்க! டி.வி. இல்லன்னா எங்க டீம் சைட்ல நெட்லயும் வரும்."

அதற்காகத்தான் செல்வி இந்தப் படியேறினாள். மற்றபடி இந்த மனிதர் முகத்தில் விழிக்க அவளுக்கு ஆசையில்லை. செல்வியின் கல்யாணத்தை முடித்துவைத்ததும் இவர்தான். "தங்கமான இடம்" என்றார். அந்தத் தங்கத்தின் அடி தாங்காமல் எட்டு மாதத்தில் அவள் பெட்டியோடு திரும்பி வந்தபோது, "அனுசரிச்சுப் போகத் தெரியல" என்றவரும் இவர்தான்.

வீட்டில் அம்மா தனக்கொடி வாசலிலேயே நின்றிருந்தாள்.

"இன்னா சொன்னாரு?"

"இல்லன்னுட்டாரு."

தனக்கொடியின் முகம் விழுந்தது. காலையிலேயே தலைக்குக் குளித்து, பொட்டு வைத்து, டி.வி. மேலிருந்த தூசியைத் துடைத்து வைத்திருந்தாள்.

"ஜெயம் வூட்ல பெரிய டிஷ்ஷு இருக்குதே, அங்க வராதா?"

பக்கத்துத் தெரு ஜெயத்தின் வீட்டுக்காரர் சொல்தா. பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து, பென்ஷன் வாங்கி, போன வருடம் காலமானவர். அவர் இருந்தபோது மொட்டைமாடியில் ஒரு கொப்பரை அளவுக்கு டிஷ் வைத்திருந்தார். அம்மாவும் மகளும் போனதும் ஜெயம் அவர்களை உட்காரவைத்து, ரிமோட்டை நெற்றிக்கு நேரே பிடித்து அழுத்திக்கொண்டே போனாள். எல்லாம் பிரெஞ்சுக்காரர்கள். சமைத்தார்கள், சண்டை போட்டார்கள், செய்தி வாசித்தார்கள்.

"வொய்லா!" என்றாள் ஜெயம். "ஹாக்கிதான கேட்ட? இதோ!"

திரையில் வெள்ளை வெளேரென்று பனித்தரை. தலையில் இரும்புக்கூடு மாட்டிக்கொண்டு, மெத்தையைச் சுற்றிக் கட்டியதுபோல் வீங்கிய ஆண்கள் வழுக்கிக்கொண்டு போனார்கள். ஒருவன் இன்னொருவனைச் சுவரோடு வைத்து அமுக்கினான். அவன் கையுறையைக் கழற்றிப் போட்டுவிட்டு இவன் மூக்கில் குத்தினான். பனியில் ரத்தம் சொட்டியது. கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது.

"ஐய, இன்னாடி இது கருமம்!" என்று தனக்கொடி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"இது வேற ஹாக்கிம்மா" என்றாள் செல்வி. "எழுந்திரு, போலாம். மெயின் ரோட்டு நெட் சென்டர்ல பாக்கலாம்."

"உங்கப்பா அந்தக் கடைக்குள்ளல்லாம் வரமாட்டாருடி. அவரு பாக்கணும்னுதான புள்ள ஆசப்படுது."

செல்வி முன்னால் நடந்தாள்.

இரண்டு பேரும் வீடு திரும்பியபோது வாசலில் தணிகாசலத்தின் மோட்டார்சைக்கிள் நின்றது. உள்ளே அவர் ராஜாங்கத்தின் தோளில் கை போட்டபடி உட்கார்ந்திருந்தார்.

"வாங்கண்ணி! நம்ம அபி ஆடறத நாம பாக்கலன்னா யாரு பாப்பா? ஒரு ஆளப் புடிச்சி அந்தச் சேனலுக்கு பாக்ஸ் வாங்கிட்டேன். ஒண்ணுதான் கெடச்சிச்சு, அதனால லைன்ல வுட முடியாது. என் ஆபீசு மாடியில பெரிய டி.வி.யில போடறேன். குடும்பத்தோட வந்துடுங்க."

செல்வி அவரையே பார்த்தாள். காலையில் காது குடைந்த அதே மனிதர். நடுவில் மூன்று மணி நேரம்கூட ஆகவில்லை.

"காலைல வேற மாதிரி சொன்னீங்களே சித்தப்பா?"

"அது வெளயாட்டுக்குச் சொன்னதும்மா! இவ ஒருத்தி" என்று அவள் கன்னத்தைத் தட்டினார். அந்தச் சுண்டுவிரலும் சேர்ந்தே தட்டியது. செல்வி கொல்லைப்புறம் போய்க் குழாயைத் திறந்து முகத்தைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினாள்.

திரும்பி வந்தபோது ராஜாங்கம் இஸ்திரி போட்ட சட்டையை மாட்டிக்கொண்டிருந்தார். மில் மூடிய பிறகு நாலு வருடம் சும்மா கிடந்தவருக்கு மேட்டுப்பாளையத்தில் வாட்ச்மேன் வேலை வாங்கிக் கொடுத்தது தம்பிதான். அதிலிருந்து தம்பி எதைச் சொன்னாலும் தலையாட்டுவது அவருக்குப் பழக்கமாகிவிட்டது.

"என்னப்பா, சித்தப்பா திடீர்னு மாறிட்டாரு?"

"அவன் மனசு கொழந்த மனசும்மா" என்றார் ராஜாங்கம், பட்டனைப் பார்த்துக்கொண்டே.

நான்கு மணிக்கு அந்த மாடி அறையில் நுழைந்ததும் செல்வி மூக்கைப் பிடித்துக்கொண்டாள். ஜன்னலை அடைத்து வைத்திருந்தார்கள். வியர்வை நாற்றமும் பான்பராக் நாற்றமும் மிளகாய் பஜ்ஜி எண்ணெயும் கலந்து நின்றன. மூலையில் ஒரு பெயின்ட் டப்பா. போகிற வருகிறவர்கள் அதில் துப்பியதில் பாதி சுவரிலும் வழிந்திருந்தது.

குடும்பத்தோடு வரச் சொன்னவர் தெருவையே கூட்டிவைத்திருந்தார், அத்தனையும் ஆண்கள். முன்வரிசையில் அவளுக்குத் தெரியாத ஒரு தடித்த மனிதர், வெள்ளை வேட்டி சட்டை, பச்சைக்கல் மோதிரம். பக்கத்தில் அவருடைய ஆட்கள் இரண்டு பேர்.

"அண்ணே, இவருதான் நான் சொன்ன விஜயராகவன். காலாப்பட்டு" என்று தணிகாசலம் அறிமுகம் செய்தார். ராஜாங்கம் கும்பிட்டார். அவரை அந்த மனிதருக்குப் பக்கத்து நாற்காலியில் உட்காரவைத்துக் கையில் சோடாவைக் கொடுத்தார்கள்.

"பொம்பளைங்க பின்னால பாய்ல குந்துங்க" என்றார் தணிகாசலம்.

தனக்கொடி பாயில் உட்கார்ந்தாள். முன்னால் இருந்த தலைகளுக்கு நடுவே கழுத்தை நீட்டிப் பார்த்தாள்.

திரையில் தண்ணீர் தெளித்த பச்சைத் தரை பளபளத்தது. மஞ்சள் சட்டை, கறுப்புப் பாவாடை. வரிசையாக நின்ற முகங்களைக் கேமரா ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டே வந்தது.

"தோ! தோ! எம் பொண்ணு!" தனக்கொடி செல்வியின் தொடையில் அறைந்தாள். "எளச்சிட்டாடி! கன்னமே காணோம்!"

ஆட்டம் தொடங்கியது. அபி பந்தைக் கம்போடு ஒட்டவைத்தது போல் ஓட்டிக்கொண்டு ஓரமாகவே ஓடினாள். இரண்டு பேரைத் தாண்டினாள். மூன்றாவது ஆளுக்கு முன்னால் நின்று, இடதுபக்கம் போவதுபோல் தோளைக் காட்டி, வலதுபக்கம் போனாள். செல்விக்குக் கண்ணில் நீர் முட்டியது. உப்பளம் மைதானத்தில் மழையில் நனைந்துகொண்டு இதே தோள் அசைவைத் திரும்பத் திரும்பப் பழகுவாள் அபி. அங்கே அவளை வீட்டுக்கு இழுத்து வரப் போவது செல்விதான்.

"மெல்லப் போ கண்ணு, வழுக்கிடப் போவுது" என்று முன்வரிசையில் ஓர் ஆள் சொன்னான். நான்கைந்து பேர் சிரித்தார்கள்.

"அந்த மஞ்சச் சட்ட நம்ம தெருப் பொண்ணா? நம்ம தெருவுல இப்பிடி ஒண்ணு இருந்தத கவனிக்காம வுட்டுட்டமேடா."

"கவனிச்சா மட்டும்? கையில கம்பு வச்சிருக்குது பாரு."

மறுபடி சிரிப்பு. தனக்கொடி பாயின் கோரையைப் பிய்த்துக்கொண்டிருந்தாள். கழுத்து இப்போது நீளவில்லை.

விஜயராகவன் சோடாவைக் குடித்து முடித்து ஏப்பம் விட்டார்.

"பரவால்ல" என்றார். "பொண்ணு வாட்டசாட்டமாதான் இருக்குது. தொடையப் பாருங்க, நல்ல உழைப்பு தாங்கும்."

சந்தையில் மாட்டைச் சுற்றி வந்து பார்க்கிறவர் குரல் அது. சொல்லிவிட்டுப் பக்கத்தில் இருந்த ராஜாங்கத்தின் முழங்காலில் தட்டினார்.

செல்வி அப்பாவைப் பார்த்தாள். எழுவார் என்று நினைத்தாள். குறைந்தபட்சம் முகத்தையாவது திருப்புவார் என்று நினைத்தாள்.

ராஜாங்கம் சிரித்தார்.

பெரிய சிரிப்பு இல்லை. பெரிய மனிதர்கள் ஏதாவது சொன்னால் சிரித்துவைப்போமே, அது. உதடு மட்டும் விரிந்து, பற்கள் தெரிந்து, மறைந்தது.

அந்த அறையின் அத்தனை நாற்றத்தையும் செல்வி பொறுத்துக்கொண்டிருந்தாள். இதைப் பொறுக்க முடியவில்லை.

அந்த நேரம் பார்த்துத் திரையில் அபி விழுந்தாள். எதிரணிப் பெண் ஓங்கியடித்த பந்து அவள் முழங்காலில் பட்டு எகிறியது. அபி அப்படியே சுருண்டு தரையில் உருண்டாள்.

"ஐயோ!" என்று தனக்கொடி எழுந்துவிட்டாள்.

"அடடா" என்றான் முன்வரிசை ஆள். "விழுந்தத திருப்பிப் போடுவான் பாரு. நல்லாப் பாத்துக்க."

திருப்பிப் போட்டார்கள். மெதுவாகப் போட்டார்கள். பாவாடை விலகியபோது பின்னால் யாரோ ஒருவன் விசிலடித்தான்.

செல்வி நாற்காலிகளுக்கு நடுவே இடித்துத் தள்ளிக்கொண்டு போய் டி.வி.க்கு முன்னால் நின்றாள்.

"ஏய், மறைக்குதும்மா!"

"மறைக்கத்தான் நிக்கறேன்" என்றாள். "விசிலடிச்சது யாரு? இங்க வந்து எம் மூஞ்சியப் பாத்து அடி."

யாரும் வரவில்லை. ஒருவன் பஜ்ஜியைக் கீழே வைத்தான்.

"கீழ விழுந்து கெடக்கறவ எந் தங்கச்சி. முட்டி ஒடஞ்சிதான்னு ஒருத்தருக்காவது கேக்கத் தோணிச்சா? அந்த டப்பாவுல கூட வாயக் கொண்டுபோயி வச்சித்தான் துப்பறீங்க. எங்க வூட்டுப் பொண்ணு மேல ஒக்காந்த எடத்துலேர்ந்தே துப்பறீங்களே!"

"செல்வி!" தணிகாசலம் பாய்ந்து வந்தார். "வந்தவங்க முன்னால என்னாடி பேச்சு? நாலு பேரு நாலு விதமாப் பேசுவாங்கதான். டி.வி.யில வந்தா அப்பிடித்தான்."

"நீங்க கூட்டினது பேசறதுக்குத்தான சித்தப்பா? காலைல எவன் பாப்பான்னு கேட்டீங்க. இதோ, இவன் பாப்பான், இவன் பாப்பான்" என்று ஒவ்வொருவராகக் கை காட்டிக்கொண்டே வந்தவள் ராஜாங்கத்திடம் வந்ததும் நிறுத்தினாள். கை அப்படியே நின்றது. பிறகு இறங்கியது.

ராஜாங்கம் சோடா பாட்டிலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

விஜயராகவன் வேட்டியை உதறிக்கொண்டு எழுந்தார். "வூட்டுக்குள்ள கட்டுப்பாடு இல்ல போலருக்குதே தணிகாசலம்" என்றார். ஆட்கள் இரண்டு பேரும் பின்னாலேயே எழுந்தார்கள்.

தணிகாசலத்தின் முகம் கறுத்தது. "பாத்தது போதும்" என்று சுவரிலிருந்த பிளக்கைப் பிடுங்கி எறிந்தார். திரை இருண்டது. அபி இன்னும் தரையில்தான் கிடந்தாள்.

"எழுந்தாளாடி? எழுந்துட்டாளா?" தனக்கொடி இருண்ட டி.வி.யைப் பார்த்துக் கேட்டாள்.

செல்வி அம்மாவின் கையைப் பிடித்தாள். "வா."

மெயின் ரோட்டு வரைக்கும் இரண்டு பேரும் ஓட்டமும் நடையுமாகப் போனார்கள். அபியின் போனுக்கு அடித்தால் அணைத்து வைக்கப்பட்டிருந்தது. நெட் சென்டரில் மரத்தடுப்புகளுக்கு நடுவே ஒரே ஓர் இடம் காலியாக இருந்தது. ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு அம்மாவை உட்காரவைத்து, அபி சொன்ன முகவரியை அடித்தாள் செல்வி. விரல் தப்பித் தப்பி விழுந்தது.

உள்ளங்கை அளவுக்கு ஒரு கறுப்புக் கட்டம் வந்தது. நடுவில் ஒரு வட்டம் சுற்றியது. சுற்றிக்கொண்டே இருந்தது.

"இன்னாடி சுத்துது?"

"வரும்மா."

வந்தது. ஒரு காட்சி வந்து உறைந்தது. எல்லோரும் பொம்மைபோல் நின்றார்கள். பிறகு மூன்றடி நகர்ந்தார்கள். மறுபடி நின்றார்கள். அந்தச் சென்டரில் இருந்தது ஒரே ஹெட்போன். அதைத் தனக்கொடியின் காதில் மாட்டியிருந்தாள். வர்ணனையாளர்கள் பேசிய இங்கிலீஷ் அவளுக்குப் புரியவில்லை.

"அபின்னு சொல்றான்! அபி, அபின்றான்டி!" என்று மட்டும் சத்தமாகச் சொன்னாள்.

படம் மறுபடி நகர்ந்தபோது அபி முழங்காலில் வெள்ளைக் கட்டோடு உள்ளே ஓடிவந்தாள். ஓடவில்லை, நொண்டினாள். ஆனால் வந்தாள். தனக்கொடி திரையை விரலால் தொட்டாள். அபியின் தலை அவள் நகத்தளவுகூட இல்லை.

ஆட்டத்தின் மிச்சத்தை அவர்கள் துண்டுதுண்டாகத்தான் பார்த்தார்கள். ஒரு பெனால்டி கார்னருக்கு அபி கோட்டோரம் குனிந்து பந்தைத் தள்ளிவிட்டாள். யாரோ கம்பை ஓங்கினார்கள். அதோடு படம் உறைந்தது. மறுபடி வந்தபோது மஞ்சள் சட்டைகள் ஒன்றையொன்று கட்டிக்கொண்டு நின்றன.

"போட்டாங்களா?"

"போட்டுட்டாங்கம்மா!"

செல்வி சிரித்தாள். அழுதாள். இரண்டுக்கும் நடுவில் திரும்பியபோதுதான் கண்ணாடிக் கதவைப் பாதி திறந்து பிடித்தபடி அப்பா நிற்பது தெரிந்தது. இஸ்திரிச் சட்டை வியர்வையில் நனைந்து முதுகோடு ஒட்டியிருந்தது. உள்ளே வரலாமா என்று தெரியாமல் நின்றார்.

"புள்ளைக்கு எப்பிடி இருக்குது?" என்று கேட்டார்.

செல்வி திரைப்பக்கம் திரும்பிக்கொண்டாள். தனக்கொடிதான் பேசினாள். இருபத்தெட்டு வருடத்தில் வீட்டுக்காரரை எதிர்த்து ஒரு சொல் சொல்லாதவள். ஹெட்போனைக் கழற்றாமல், திரும்பாமல் சொன்னாள்.

"இங்க எடமில்ல."

ராஜாங்கம் அங்கேயே நின்றார். போகவும் இல்லை.

ஆட்டம் முடிந்து கொஞ்ச நேரத்தில் செல்வியின் போன் அடித்தது.

"அக்கா! பாத்தீங்களா?" அபியின் குரலுக்குப் பின்னால் பெண்களின் கூச்சல். "முட்டிக்கு ஒண்ணுமில்லக்கா, வீக்கம்தான். ஐஸ் வச்சிருக்காங்க. அப்பா பாத்தாரா? பக்கத்துல இருக்காரா? அவர்ட்ட குடேன்!"

சின்னக் கடை. அபியின் குரல் கதவு வரைக்கும் கேட்டது. ராஜாங்கம் இரண்டடி உள்ளே வந்து போனுக்காகக் கையை நீட்டினார்.

செல்வி அந்தக் கையைப் பார்த்தாள்.

"அப்பா இங்க இல்ல" என்றாள்.

நீட்டிய கை அப்படியே நின்றது.

"சரி, அதுவும் நல்லதுதான்" என்றாள் அபி. குரல் தணிந்தாலும் அங்கே மூன்று பேருக்கும் கேட்டது. "உன்கிட்டயே கேட்டுடறேன். நான் மேட்சுக்குக் கெளம்பற நேரத்துல சித்தப்பா போன் பண்ணாருக்கா. காலாப்பட்டுல எனக்கு ஒரு மாப்ள எடமாம். அவங்க இன்னிக்கு என்ன டி.வி.யில பாக்கப் போறாங்களாம். இந்த சீசனோட நான் ஆட்டத்த விட்டுடுவேன்னு அப்பா அவங்களுக்கு வாக்கு குடுத்துட்டாராமே, நெசமா?"

தனக்கொடி கழுத்துக்கு இறக்கியிருந்த ஹெட்போனைக் கழற்றி மேசைமேல் வைத்தாள். ஸ்டூலோடு திரும்பி உட்கார்ந்து, வீட்டுக்காரரை நேருக்கு நேர் பார்த்தாள்.

"அக்கா? லைன்ல இருக்கியா? நெசமா?"

ராஜாங்கம் நீட்டிய கையை மடக்கிக்கொண்டார். கழற்றிவிட்ட செருப்பைத் தேடுகிறவர்போல் குனிந்து தரையைப் பார்த்தார்.

செருப்பு அவர் காலில்தான் இருந்தது.